ஆஷ் மரத்து மட்டை

அந்தமானில் எங்கள் டெய்ரி ஃபார்ம் பகுதியில் அக்டோபர் மாதத்தில் ஐந்தேகால் மணிக்கெல்லாம் பொழுது சாய்ந்துவிடும். கடிகாரம் சென்னைக்கும் டில்லிக்கும் ஒத்து ஓடுகிறதே தவிர, சூரியன் அவ்வாறு ஓடச் சம்மதிக்கவில்லை. ஆகையால், பந்து கண்ணுக்குப் புலப்படும் வரையில் விளையாடிக் களைத்த பிள்ளைகள் தத்தம் வீட்டு விளக்கைத் தேடிப் போன பிறகும், இரவுச் சாப்பாட்டுக்கு இன்னும் நெடுநேரம் கிடக்கிற அந்த நீண்ட இருளை எப்படிக் கழிப்பது என்பது உத்தியோகத்திலிருந்து ஓய்வு பெற்ற என்னைப் போன்றவர்களுக்குப் பெரிய பிரச்சினை. சிலர் தொலைக்காட்சித் தொடர்களிடம் சரணடைந்தார்கள். நான் 2024-ஆம் ஆண்டு மழைக்காலத்தில் அயர்லாந்து தேசத்துக் கிராமங்களிடம் சரணடைந்தேன்.

காரணம் என் தங்கை மகள். அவள் அங்கே கில்கென்னி என்னும் கௌன்டியில் செவிலியாக இருக்கிறாள். கௌன்டி என்றால் நம்முடைய ஜில்லா என்று வைத்துக்கொள்ளலாம். அவளுடைய ஒன்பது வயதுப் பிள்ளை பள்ளிக்கூடத்துத் தோழர்களோடு சேர்ந்து ஹர்லிங் என்ற ஆட்டத்தைப் பழக ஆரம்பித்திருந்தான். "மாமா, ஞாயித்துக்கிழமை ஆச்சுன்னா இங்க ஊரே காலியாயிடுது. எல்லாரும் மைதானத்துலதான். நீங்க ரேடியோவுல கேட்டுப் பாருங்க" என்று அவள் சொன்னபோது, மருமகளின் மனம் நோகாமல் இருக்கட்டும் என்றுதான் தலையை ஆட்டினேன். 2020 ஆகஸ்டில் சென்னையிலிருந்து கடலடியில் சுமார் 2,300 கிலோமீட்டர் நீளத்துக்குக் கண்ணாடி இழைக் கம்பி போட்டு எங்கள் தீவுகளை உலகத்தோடு முடிச்சுப் போட்டிராவிட்டால் இந்த விருத்தாந்தம் அந்தத் தலையாட்டலோடு முடிந்திருக்கும். அதற்கு முன்னால் ஒரு புகைப்படம் கைபேசியில் இறங்குவதற்குள் ஒரு தோசை கருகிவிடும்.

ஆக, ஏழரை மணிக்கு, அங்கே பிற்பகல் மூன்று மணிக்கு, கைபேசியைப் பித்தளைச் செம்புக்குள் நிறுத்தி வைத்துக்கொண்டு (இப்படிச் செய்தால் ஒலி பெருகும் என்பது என் மனைவியின் கண்டுபிடிப்பு) கில்கென்னி வானொலியின் நேர்முக வருணனையைக் கேட்கத் தொடங்கினேன். வருணனை செய்கிறவரின் உச்சரிப்பில் பாதிதான் விளங்கியது. சிறுவயதில் சேப்பாக்கத்துப் பொங்கல் டெஸ்டை வானொலியில் கேட்டபோது எனக்கு விளங்கியதும் பாதிதான் என்பதால், அதை ஒரு குறையாக நான் கருதவில்லை. குரல் ஏறும்போது நாமும் ஏற வேண்டும். இறங்கும்போது இறங்க வேண்டும். மற்றது தானாக வந்துவிடும்.

ஆட்டத்தைப் பற்றிக் கொஞ்சம் சொல்லாமல் மேலே போக முடியாது. ஹாக்கியும் கிட்டிப்புள்ளும் கிரிக்கெட்டும் கலந்து பிறந்த ஒரு பிள்ளைக்குக் குஸ்திக்காரன் ஒருவன் வளர்ப்புத் தகப்பனாக வாய்த்தால் எப்படி இருக்குமோ அப்படி ஓர் ஆட்டம். பக்கத்துக்குப் பதினைந்து பேர். கையில் ஹர்லி என்ற மட்டை. கீழ்முனை அகப்பைபோல் அகன்று தட்டையாக இருக்கும். பந்து நம் கிரிக்கெட் பந்தின் தாயாதி. ஸ்லிட்டர் என்று பெயர். தைத்த விளிம்பு மேலே புடைத்துக்கொண்டு நிற்கும். தரையில் கிடக்கிற பந்தைக் கையால் எடுக்கக் கூடாது. மட்டையால் தூக்கித்தான் கைக்குக் கொண்டுவர வேண்டும். கையில் பிடித்துக்கொண்டு நான்கு அடிக்கு மேல் வைக்கக் கூடாது. அதற்கு மேல் ஓட ஆசைப்படுகிறவன் பந்தை மட்டையின் நுனியில் ஏந்திக்கொண்டு, கரண்டியில் எலுமிச்சம்பழம் வைத்து ஓடுகிற பள்ளிக்கூடப் பிள்ளைபோல, ஆனால் பதினான்கு எதிரிகளும் ஒரு காவல்காரனும் தடுக்கத் தடுக்க, ஓட வேண்டும். கம்பங்களுக்கு நடுவே குறுக்குச் சட்டத்துக்கு மேலே பந்து போனால் ஒரு புள்ளி. கீழே வலைக்குள் போனால் அது கோல், மூன்று புள்ளிக்குச் சமம். கம்பத்தருகே வெள்ளை அங்கி அணிந்து, ஆஸ்பத்திரியிலிருந்து நேரே வந்தவர்கள்போல் நிற்கிற நடுவர்கள், புள்ளிக்கு வெள்ளைக் கொடியும் கோலுக்குப் பச்சைக் கொடியும் அசைப்பார்கள். தலைக்கவசம் கட்டாயமாக்கப்பட்டது 2010-இல்தான் என்று படித்தபோது, அதற்கு முந்திய தலைமுறையினரின் மண்டைகளை நினைத்து நான் சற்று நேரம் மௌனமாக இருந்தேன்.

இதெல்லாம் ஆட்டத்தின் வெளித்தோற்றம். என்னைப் பிடித்து நிறுத்தியது அதன் ஏற்பாடு.

அங்கே ஒவ்வொரு குழுவும் ஒரு பங்குக்கு உரியது. பங்கு என்று நான் சொல்வது நம் தூத்துக்குடிக் கத்தோலிக்கர்கள் சொல்லும் அதே பங்குதான்: ஒரு கோவில், அதற்கு ஒரு பங்குத்தந்தை, அவரைச் சுற்றி நாலைந்து கிராமம். எந்தப் பங்கில் ஒருவன் பிறந்து வளர்ந்தானோ பெரும்பாலும் அந்தப் பங்குக் குழுவின் சட்டையைத்தான் அவன் ஆயுள் பரியந்தம் அணிகிறான். ஏலம் கிடையாது, ஒப்பந்தம் கிடையாது, சம்பளமும் கிடையாது. தேசத்திலேயே தலைசிறந்த ஆட்டக்காரன்கூடத் திங்கட்கிழமை காலையில் பள்ளிக்கூடத்துக்கோ வயலுக்கோ தச்சுப்பட்டறைக்கோ போகிறவன்தான். ஆண்டின் முற்பகுதியில் இவர்களில் தேர்ந்தவர்கள் கௌன்டிக்காக ஆடுவார்கள். எண்பதாயிரம் பேருக்கு மேல் கொள்ளும் டப்ளின் நகரத்துக் குரோக் பார்க் மைதானம் அவர்களுக்காக ஆரவாரிக்கும். ஜூலையில் அது முடிந்துவிடும். முடிந்ததும் அத்தனை பேரும் அவரவர் கிராமத்துக்குத் திரும்பி, சின்ன மைதானத்தில், தன்னைத் தொட்டில் பருவத்திலிருந்து அறிந்த கிழவர்கள் வேலியோரம் நின்று விமரிசிக்க, மறுபடியும் முதலிலிருந்து ஆட வேண்டும். நேற்றுவரை தோளோடு தோள் நின்றவன் இன்று பக்கத்துப் பங்கின் சட்டையில் எதிரே நிற்பான்.

கில்கென்னியில் முதல் வரிசையில் பன்னிரண்டு குழுக்கள். முதலில் சுற்று முறை ஆட்டங்கள், பிறகு தோற்றால் வெளியேறும் ஆட்டங்கள். அடிமட்டத்தில் சிக்கியவன் இரண்டாம் வரிசைக்கு இறங்க, அங்கே ஜெயித்தவன் மேலே ஏறுகிறான். இறங்குவது யார் என்று தீர்மானிக்கும் ஆட்டத்துக்கும் இறுதிப் போட்டிக்கு வருவதுபோலவே ஜனங்கள் வருவார்களாம். ஏறுவதைப் பார்க்க வருவது இயல்பு; இறங்குவதைப் பார்க்கவும் கூட நிற்பதற்கு ஒருவித உறவு வேண்டும்.

நான் கேட்கத் தொடங்கிய அந்த 2024-ஆம் வருஷம், என் அதிர்ஷ்டம், ஒரு கதைக்காரன் இட்டுக்கட்டினாலும் நம்ப மறுக்கக் கூடிய வருஷமாக அமைந்தது. நோர் என்ற ஆற்றின் கரையில் தாமஸ்டவுன் என்று ஒரு சிற்றூர். அந்த ஊர்க் குழு கௌன்டியின் முதல் வரிசைக் கோப்பையைக் கடைசியாக ஜெயித்தது 1946-இல். அந்த வருஷத்தை எங்கள் கணக்கில் வைத்துப் பார்த்தால்தான் அதன் தூரம் எனக்குப் பிடிபடுகிறது: ஜப்பானியர் போர்ட் பிளேரில் சரணடைந்து ஓராண்டுதான் ஆகியிருந்தது, கைதிகளின் குடியிருப்பு என்ற பெயர் இந்தத் தீவுகளைவிட்டு அப்போதுதான் நீங்கியிருந்தது, இன்று ஸ்ரீ விஜயபுரம் என்று பெயர் மாறியிருக்கிற இந்நகரத்தில் என் தகப்பனார் இன்னும் கால் வைக்கவில்லை. அன்று முதல் எழுபத்தெட்டு வருஷம் தாமஸ்டவுன் காத்திருந்தது. அதில் ஒரு பகுதி இரண்டாம் வரிசையிலேயே கழிந்தது. 2023-இல் இரண்டாம் வரிசைக் கோப்பையை ஜெயித்து, 2024 ஜனவரியில் குரோக் பார்க்கில் அந்த வரிசைக்கான அகில அயர்லாந்துப் பட்டத்தையும் எடுத்துக்கொண்டு, முதல் வரிசைக்கு ஏறி, ஏறிய வருஷத்திலேயே இறுதிப் போட்டிக்கு வந்துவிட்டது.

எதிரே நின்றது ஓ'லாக்லின் கேல்ஸ். கில்கென்னி நகரத்துக் குழு, நடப்புச் சாம்பியன். முந்திய பருவத்தின் அகில அயர்லாந்து இறுதியில், அதே 2024 ஜனவரியில், கால்வே கௌன்டியின் செயின்ட் தாமஸ் குழுவிடம் ஒரே புள்ளியில் தோற்று வந்தவர்கள். ஆக அந்த வருஷத்துக் கணக்கைத் தீர்க்க அவர்களுக்கும் காரணம் இருந்தது. இரு பக்கத்திலும் கௌன்டி ஆட்டக்காரர்கள்; ஜூலையில் அரையிறுதியில் கிளேர் கௌன்டியிடம் ஒன்றாகத் தோற்றுக் கண்ணீர் விட்டவர்கள், அக்டோபரில் நௌலன் பார்க் மைதானத்தில் ஒருவர் மட்டையை ஒருவர் தட்டிவிட்டுக்கொண்டிருந்தார்கள். தாமஸ்டவுன் ஜெயித்தது. கடைசி நிமிஷங்களில் வருணனைக்காரரின் குரலுக்குப் பின்னால் ஒரு ஓசை கிளம்பி ஓயாமல் நின்றது. அது கரகோஷமா அழுகையா என்று பித்தளைச் செம்புக்குள்ளிருந்து கண்டுபிடிக்க என்னால் முடியவில்லை. "என்ன, உங்க ஊர் ஜெயிச்சுட்டுதா?" என்று என் மனைவி கேட்டாள். அவள் பரிகாசமாகத்தான் கேட்டாள். நான் பதில் சொல்ல நேரம் எடுத்துக்கொண்டேன்.

கௌன்டியை ஜெயித்த குழுவுக்கு அதன் பிறகு மாகாணம், அதற்கும் பிறகு அகில அயர்லாந்து என்று பாதை நீள்கிறது. குளிர்காலச் சேற்றில் ஆடி ஜனவரி வாக்கில்தான் முடிவு தெரியும். அந்தப் பாதையின் சக்கரவர்த்திகள் கில்கென்னியின் தெற்கே இருக்கும் பாலிஹேல் ஷாம்ராக்ஸ். 1972-இல் சிறு ஊர்கள் சில சேர்ந்து உண்டாக்கிய இக்குழு ஒன்பது முறை அகில அயர்லாந்துப் பட்டம் வென்றிருக்கிறது. ஃபென்னலி என்ற ஒரே குடும்பத்தின் ஏழு சகோதரர்கள் இதற்கு ஆடியிருக்கிறார்கள் என்றால் மற்ற விவரம் வேண்டியதில்லை. ஆனால் சக்கரவர்த்திகள் விழுவதில்தான் கேட்பவனுக்கு ருசி அதிகம். 2022 பிப்ரவரி 12-ஆம் தேதி இறுதிப் போட்டியில், வீணான நேரத்துக்காகச் சேர்த்த நிமிஷங்களின் கடைசி விநாடிகள் ஓடிக்கொண்டிருக்க, வாட்டர்ஃபோர்ட் கௌன்டியின் பாலிகனர் குழு இரண்டு புள்ளி பின்தங்கி நிற்க, ஹாரி ரட்டில் என்பவர் தூரத்திலிருந்து ஓங்கி அடித்த பந்து வலைக்குள் போயிற்று. 2-17 என்பதை 1-19 என்பதோடு ஒப்பிட்டு ஜெயித்தது யார் என்று கண்டுபிடிக்க, கோலை மூன்றால் பெருக்கிக் கூட்டிப் பாருங்கள்: இருபத்துமூன்றுக்கு இருபத்திரண்டு. இந்தப் பதிவைப் பத்துத் தடவையாவது பார்த்திருப்பேன். ஒவ்வொரு முறையும் இந்தத் தடவை போகாது என்றே தோன்றுகிறது.

இந்த ஏற்பாட்டின் பூர்வோத்திரம் அரசியலோடு பிணைந்தது. 1884 நவம்பர் முதல் தேதியன்று தர்லஸ் என்ற ஊரின் ஒரு ஹோட்டல் அறையில் மைக்கேல் கியூசாக், மாரிஸ் டேவின் முதலிய சிலர் கூடி கேலிக் விளையாட்டுச் சங்கத்தைத் தொடங்கினார்கள். ஆங்கிலேயன் ஆட்டத்தை ஆடி ஆங்கிலேயனை ஜெயிப்பது நாம் மேற்கொண்ட வழி. அவன் ஆட்டத்தையே வேண்டாமென்று ஒதுக்கிப் பாட்டன் ஆட்டத்தைத் தூசி தட்டி எடுத்தது அவர்கள் வழி. 1920 நவம்பர் 21-ஆம் தேதி குரோக் பார்க்கில் ஆட்டம் நடந்துகொண்டிருக்கையில் பிரிட்டிஷ் படையினர் உள்ளே புகுந்து சுட்டதில் பதினான்கு பேர் மாண்டார்கள். அவர்களில் மைக்கேல் ஹோகன் என்னும் ஆட்டக்காரரும் ஒருவர். ஜாலியன்வாலா பாகுக்கு மறுவருஷம். அந்த மைதானத்தின் ஒரு பக்க மாடத்துக்கு இன்றும் அவர் பெயர்தான்.

அந்தமானில் உட்கார்ந்துகொண்டு அயர்லாந்தைத் தியாகிகளின் தேசமாக மட்டும் நினைக்க முடியாது என்பதையும் சொல்லிவிட வேண்டும். எங்கள் வீட்டுக்கு நேர் எதிரே கடலுக்கு அப்பால் இருக்கிற ஹோப்டவுன் துறையில் 1872 பிப்ரவரி 8-ஆம் தேதி மாலை ஷேர் அலி என்ற கைதியின் கத்திக்கு இரையான வைஸ்ராய் மேயோ பிரபு அயர்லாந்துக்காரர். அவருடைய பட்டப் பெயரில் இருக்கிற மேயோ அங்கே ஒரு கௌன்டி. செல்லுலார் சிறையில் அரசியல் கைதிகளைச் செக்கில் பூட்டி ஆட்டிய ஜெயிலர் டேவிட் பாரியும் அயர்லாந்துக்காரர்தான். வருணனையில் பாரி என்ற பெயர் வரும்போதெல்லாம் என் முதுகு நிமிர்ந்துகொள்ளும். பாவம், அந்தப் பையன் என்ன செய்வான்.

மேயோ கௌன்டியைப் பற்றி ஒரு வேடிக்கை: அவர்கள் ஹர்லிங்கில் பெரிய கையில்லை, கேலிக் கால்பந்தில்தான் வீரர்கள், அதிலும் 1951-க்குப் பிறகு அகில அயர்லாந்துக் கோப்பை கிட்டவில்லை. அந்த வருஷம் கோப்பையோடு திரும்பியவர்கள் வழியில் ஒரு சவ ஊர்வலத்துக்கு மரியாதை செய்யாமல் போனதால் பாதிரியார் சபித்துவிட்டார் என்று கதை. சாபம் என்று வந்துவிட்டால் அவர்களும் நம்மவர்கள்தான்.

இந்தப் பங்குக்கொரு குழு என்ற சங்கதி எனக்கு இவ்வளவு சீக்கிரம் ஒட்டிக்கொண்டதற்குக் கோவில்பட்டிதான் காரணமாக இருக்க வேண்டும். என் தகப்பனார் அதன் அருகே ஒரு கரிசல் கிராமத்திலிருந்து சென்னைக்கு வந்து, அங்கிருந்து மூன்று ராத்திரி கப்பலில் பிரயாணம் செய்து இங்கே இறங்கியவர். பத்து வயதில் கோடை விடுமுறைக்கு என்னை அங்கே அழைத்துப் போனபோது நான் கண்டது இதுதான்: தீப்பெட்டி ஆபீஸில் வேலை முடிந்து, விரலில் மருந்து வாசனையோடு வந்த இளைஞர்கள், செருப்பைக் கழற்றி ஓரமாக அடுக்கிவிட்டு, வெடித்த கறுப்பு மண்ணில் ஹாக்கி ஆடிக்கொண்டிருந்தார்கள். மண்ணின் வெடிப்பில் பந்து சிக்கி எகிறும்; அதையும் கணக்குப் பண்ணித்தான் மட்டையைப் போடுவார்கள். "எந்தத் தெரு டீமுக்கு நீ?" என்று ஒருவர் என்னைக் கேட்டார். "அந்தமான்" என்றேன். சுற்றி நின்ற அத்தனை பேரும் சிரித்தார்கள். எனக்கு மானம் போயிற்று.

இன்று கோவில்பட்டி செழித்துவிட்டது. செயற்கைப் புல்தரை மைதானம் வந்திருக்கிறது; லட்சுமி அம்மாள் நினைவு அகில இந்தியப் போட்டிக்கு வடக்கேயிருந்து பெரிய குழுக்கள் வந்து கடலைமிட்டாய் வாங்கிப் போகின்றன; அரசாங்கத்தின் ஹாக்கி விடுதியில் பயின்ற மாரீஸ்வரன் சக்திவேலும் கார்த்தி செல்வமும் 2022-இல் ஜகார்த்தாவில் நடந்த ஆசியக் கோப்பையில் இந்தியாவுக்கு ஆடி வெண்கலத்தோடு திரும்பினார்கள். மாரீஸ்வரன் அந்த மண்ணின் பிள்ளை. ஆனால் ஒரு வித்தியாசம் உண்டு. இங்கே திறமை வாய்த்தவன் முதலில் செய்யும் காரியம் ஊரைவிட்டுக் கிளம்புவது. ரயில்வேயோ வங்கியோ ராணுவமோ வேலை கொடுத்துக் கூப்பிட்டுக்கொள்ளும். அதன் பிறகு அவன் அந்த ஆபீஸின் சட்டையைத்தான் போடுவான். அதை நான் குறையாகச் சொல்லவில்லை. சோறு அங்கேதான் இருக்கிறது. கில்கென்னிக்காரன் சோற்றையும் சட்டையையும் பிரித்து வைத்துக்கொள்ள முடிகிறதென்றால், அவன் நாட்டில் சோறு சுலபமாகக் கிடைக்கிறது என்பதும் ஒரு காரணம். இதை அங்குள்ளவர்கள் சொல்வதில்லை. நாம்தான் சொல்லிக்கொள்ள வேண்டும்.

அந்த டிசம்பரில் தங்கை மகள் லீவில் வந்தாள். விமான நிலையத்தில் பெட்டிகளுக்கிடையே பழைய போர்வையில் சுற்றிய ஒரு நீள வஸ்துவை என் பேரன் யாரையும் தொடவிடாமல் தூக்கிக்கொண்டு வந்தான். அதுதான் மட்டை. திண்ணையில் உட்கார்ந்து அதை மடியில் போட்டுப் பார்த்தேன். வெளிர் மஞ்சள் மரம். அடியில் வளைகிற இடத்தில் மரத்தின் ரேகையும் உடன் வளைந்து ஓடுகிறது. மரத்தின் அடித்தண்டும் வேரும் சந்திக்கிற இடத்தை அறுத்தால்தான் அந்த ரேகை கிடைக்குமாம். நேர்ப் பலகையை வளைவாக அறுத்தால் முதல் மோதலிலேயே அந்த வளைவில் முறிந்துவிடுமாம். அகன்ற நுனியில் ஒரு தகரப் பட்டை ஆணியடித்து இறுக்கியிருந்தது. "இது ஆஷ், தாத்தா" என்றான். சாம்பலா என்று கேட்டுவிட்டேன். நம் பக்கம் இல்லாத மரத்துக்கு நம் பாஷையில் பேர் எப்படி இருக்கும்? அங்கேயும் இப்போது அதற்கு ஆபத்து: 2012 முதல் ஒரு பூஞ்சை நோய் பரவி மரங்கள் நுனியிலிருந்து காய்ந்து வருகின்றன, மட்டை செய்ய வெளியிலிருந்து மரம் தருவிக்கிறார்கள், மூங்கிலைப் பிளந்து ஒட்டியும் செய்து பார்க்கிறார்கள்.

எங்கள் தச்சரிடம் காட்டினேன். அவர் அதைத் தராசில் போடுவதுபோல் இரண்டு விரலில் நிறுத்திப் பார்த்துவிட்டு, பட்டறையில் மிஞ்சியிருந்த படாக் மரத் துண்டில் அச்சு அசலாக ஒன்று இழைத்துக் கொடுத்தார். பார்க்க ராஜகம்பீரமாகச் சிவந்து பளபளத்தது. பிள்ளைகளால் ஒரு கையால் தூக்க முடியவில்லை. மூன்றாம் நாள் வளைவில் முறிந்தது. "நேர்ரேகை, அதான்" என்றார் தச்சர், முன்பே தெரிந்தவர்போல.

மறுநாள் மாலை பிள்ளைகள் பேரனை மைதானத்துக்கு இழுத்துப் போனார்கள். அவனுக்குத் தமிழ் பாதி, இந்தி சுத்தமாக இல்லை. எங்கள் பிள்ளைகளோ வீட்டில் தமிழும் தெலுங்கும் வங்காளமும் பேசி, வாசலுக்கு வெளியே வந்ததும் இந்தியில் கூடுகிறவர்கள். ஒரு ஆஷ் மட்டை, முறிந்த படாக் மட்டையின் மேல்பாதி, இரண்டு கிரிக்கெட் மட்டை, ஒரு தென்னை மட்டை. கம்பத்துக்குச் செங்கல். அணி பிரிக்கிற கட்டம் வந்தது. இங்கே எப்போதும் மேடு, பள்ளம் என்றுதான் பிரிப்பார்கள். சரிவில் மேலே குடியிருப்பவர்கள் ஒரு பக்கம், சாக்கடைக்குக் கீழே இருப்பவர்கள் ஒரு பக்கம். நல்ல மட்டையை வைத்திருக்கிறவன் தங்களுக்குத்தான் வேண்டுமென்று பள்ளத்துப் பிள்ளைகள் ஏகமாகக் கூச்சலிட்டார்கள். வேண்டுமானால் இரண்டு ஆளைக் கொடுத்துவிடுகிறோம் என்றுகூடப் பேரம் பேசினார்கள். மேட்டுத் தெருவில் எல்லாருக்கும் பெரியவனாக இருந்த தெலுங்குப் பையன் ஒருவன் என்னைப் பார்த்து, தமிழிலேயே கேட்டான்: "இவன் எங்க தங்கியிருக்கான்? உங்க வீட்லதானே?"

"ஆமாம்" என்றேன்.

"அப்ப மேடு" என்று சொல்லி, பேரனின் தோளைப் பிடித்துத் தன் பக்கம் நிறுத்திக்கொண்டான். இருட்டுவதற்கு இன்னும் அரைமணி இருந்தது. நாலாவது அடியில் பந்து சாக்கடைக்குள் போய்விட்டது.